35 எம்எம்மா, 200 எம்எம்மா?

தெருவில் முன்பின் தெரியாதவர்களைப் படம் எடுக்க, தூரத்தில் இருப்பதை இழுத்துக் காட்டும் 200 எம்எம் லென்ஸ் வசதிதான், சாலைக்கு இந்தப் பக்கம் நின்றே பேருந்து ஜன்னலில் தலை சாய்த்திருப்பவரின் ஈரக் கண் வரைக்கும் எடுத்துவிடலாம், அவருக்குத் தெரியவே தெரியாது. எனக்கு அதுதான் உறுத்துகிறது. பின்னணி மங்கி ஊரே காணாமல் போவதால் யாரை எடுத்தாலும் தனிமையில் வாடுபவர் போலத் தெரிவார். அது லென்ஸ் கொடுத்த தனிமை.

35 எம்எம் லென்ஸ் காட்சியை அகலமாகக் காட்டும், அதனால் ஆறேழு அடிக்குள் போயாக வேண்டும். லென்ஸின் துளையைச் சுருக்கி எஃப்/8 என்ற அளவில் வைத்து (முன்னும் பின்னும் ஓரளவு தெளிவாக விழும்), ஃபோகஸை முன்கூட்டியே 2 மீட்டரில் நிறுத்திவிட்டால் கேமரா தாமதிக்காது, ஆனால் அவர் நம்மைப் பார்ப்பார், சில சமயம் கையை உயர்த்தி வேண்டாம் என்பார், சரி என்று அழித்துவிட வேண்டும். அப்புறம், கூட்டமும் அதே ஃப்ரேமில் இருக்கும்: தோளோடு தோள் உரசும் நாலு பேர், ஒருவரையொருவர் பார்க்காமல். நான் 35ஐத்தான் எடுத்துப் போகிறேன்.