நுங்கம்பாக்கத்து மாடி அரங்கில் நிக்கோலா ஃபிலிபேர்

நுங்கம்பாக்கத்தில் ஒரு கட்டடத்தின் மாடியில் இயங்கும் சிறிய திரைப்படக் கழகம், பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் நிக்கோலா ஃபிலிபேரின் மூன்று படங்களை அண்மையில் திரையிட்டது. படத் தேர்வில் குறை சொல்ல இடமில்லை, குறையெல்லாம் ஒலியமைப்பில்தான்.

1951இல் பிறந்த ஃபிலிபேர், தத்துவம் படித்தபின் பிரெஞ்சு இயக்குநர் ரெனே அல்லியோவிடம் உதவியாளராகப் பணியாற்றியவர். விளக்கவுரை வாசிக்கும் பின்னணிக் குரலை நாடாமல், மனிதர்கள் தம் வேலையில் ஆழ்ந்திருக்கும்போது அருகில் இருந்து கவனிப்பதே அவர் முறை. பிரான்சின் ஓவெர்ஞ் பகுதிச் சிற்றூர் ஒன்றின் ஒரே வகுப்பறைப் பள்ளியைக் காட்டும் 'எத்ர் ஏ அவ்வார்' (2002) படத்தில், சிறுவன் ஒருவன் வீட்டில் பெருக்கல் கணக்குப் போட முடியாமல் தவிக்க, அம்மாவில் தொடங்கி வீட்டார் ஒவ்வொருவராக வந்து உட்கார்ந்து, கடைசியில் குடும்பமே அந்தக் கணக்கில் சிக்கிக்கொள்கிறது. வீட்டுப்பாடம் என்றால் என்னவென்று அறிந்த நம் பார்வையாளர்கள் வாய்விட்டுச் சிரித்தார்கள். கேமரா மட்டும் யாரையும் கேலி செய்யாமல் பொறுமையாக நிற்கிறது.

2023இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருது பெற்ற 'சூர் லாதமான்', பாரிசில் சீன் நதியில் மிதக்கும் மனநலப் பகல்நேர மையத்தில் எடுக்கப்பட்டது. தொடக்கத்திலேயே ஒருவர் ராக் பாடல் ஒன்றை உயிரைக் கொடுத்துப் பாடுகிறார். அவர் யார் என்று படம் அறிமுகம் செய்வதில்லை. சீருடை இல்லாததால், நோயாளி யார், பணியாளர் யார் என்று தெரிந்துகொள்ளவே நேரம் பிடிக்கிறது. ஃபிலிபேரின் நேர்மை இங்கேதான் இருக்கிறது என்பது என் கருத்து.

மூன்றாவது படமான 'நெனெத்' (2010), பாரிஸ் விலங்குக் காட்சியகத்தில் வாழும் ஓர் ஒராங்குட்டானைப் பற்றியது. திரையை அதன் முகமே நிறைத்திருக்க, கண்ணாடிக்கு இப்பால் நிற்கும் பார்வையாளர்களின் பேச்சு மட்டும் கேட்கிறது. குரல்களே படம் என்னும்போது, இந்த அரங்கின் ஒலிபெருக்கி கரகரத்ததையும், ஏசியின் இரைச்சல் அதற்கு மேல் ஒலித்ததையும் எப்படிப் பொறுத்துக்கொள்வது? துணைவரிகளும் ஆங்கிலத்தில் மட்டுமே இருந்தன. அவற்றின் கீழ்வரியை முன்வரிசைக்காரர்களின் தலைகள் மறைத்தன.

டிக்கெட் விலை 150 ரூபாய் என்பதால் முதல் இரண்டு படங்களைத் தயங்காமல் பரிந்துரைப்பேன். 'நெனெத்' படத்தை மீண்டும் திரையிடுவதாக இருந்தால், கழகத்தார் முதலில் அந்த ஒலிபெருக்கியை மாற்றட்டும்.