பழைய கார்ட்டூன் குறும்படங்கள்: எந்த டிஸ்கை வைத்துக்கொள்வது, எதைச் சோதிப்பது

ஒரு குறும்படம் கையில் இருக்கிறது என்றால் மட்டும் போதாது. அது எந்த பிரிண்டிலிருந்து (ஃபிலிம் பிரதியிலிருந்து) எடுக்கப்பட்டது, தொடக்க டைட்டில் அசலா, வெட்டு உண்டா, எந்த வேகத்தில் ஓடுகிறது என்பதெல்லாம் தெரிந்தால்தான் அந்தச் சேகரிப்புக்கு மதிப்பு. ஏழு நிமிடப் படம் ஒன்றே லேசர்டிஸ்க், டிவிடி, ப்ளூ-ரே என்று மூன்று உருவில் வந்திருக்கும். மூன்றும் மூன்று விதமாக இருக்கும். புதிய வெளியீடு வந்ததும் பழையதை விற்றுவிடுவதுதான் இந்தத் துறையில் அதிகம் நஷ்டம் தரும் பழக்கம்.

வார்னர் பிரதர்ஸ் ஸ்டுடியோவின் லூனி டூன்ஸ் படங்களில் இதைத் தெளிவாகப் பார்க்கலாம். லூனி டூன்ஸ் கோல்டன் கலெக்ஷன் 2003 முதல் 2008 வரை 6 தொகுதிகளாக, தொகுதிக்கு 4 டிவிடி என்று வந்தது. ஆறும் சேர்ந்து 350 படங்களுக்கு மேல். 1930 முதல் 1969 வரை வந்தவை ஏறக்குறைய ஆயிரம் என்பதால், இது மூன்றில் ஒரு பங்கைத் தாண்டும். அடுத்து 2011, 2012, 2014 ஆண்டுகளில் வந்த பிளாட்டினம் கலெக்ஷன் மூன்று தொகுதிகளும் ப்ளூ-ரேயில், தொகுதிக்கு 50 படங்கள். அவற்றில் பெரும்பாலானவை கோல்டனில் ஏற்கெனவே இருந்தவை. படத் தெளிவுக்குப் பிளாட்டினம்தான். அதில் சந்தேகம் வேண்டாம். ஆனால் ஜெர்ரி பெக், மைக்கேல் பேரியர், கிரெக் ஃபோர்டு போன்ற கார்ட்டூன் வரலாற்றாளர்களின் விளக்க உரைகளும், வசனமில்லாமல் இசையமைப்பாளர் கார்ல் ஸ்டாலிங்கின் இசை மட்டும் ஓடும் ஒலித்தடங்களும் கோல்டன் டிவிடிகளின் பெரிய சொத்து. அவை எல்லாமே புதிய டிஸ்குகளுக்கு வந்து சேரவில்லை. 2023இல் தொடங்கிய கலெக்டர்ஸ் சாய்ஸ் வரிசை வேறு வகை: முன்பு டிவிடியிலோ ப்ளூ-ரேயிலோ ஒழுங்காக வராத படங்களைத் தேடி எடுத்துத் தருவது அதன் நோக்கம். புதிதாகத் தொடங்குபவர் பிளாட்டினத்தையும் கலெக்டர்ஸ் சாய்ஸையும் முதலில் வாங்கி, பிறகு கோல்டனைத் தேடினால் ஒரே படத்துக்கு இருமுறை செலவழிப்பது குறையும்.

டைட்டில் கார்டு விஷயம் பலருக்குப் புதிதாக இருக்கலாம். 1943 முதல் வார்னர் தன் பழைய வண்ணப் படங்களை 'ப்ளூ ரிப்பன்' என்ற பெயரில் மறுபடி திரையரங்குகளுக்கு அனுப்பியது. அப்போது அசல் நெகட்டிவிலேயே (பிரதிகள் எடுக்கும் மூலச் சுருளிலேயே) தொடக்கத்தை வெட்டிப் புதிய டைட்டிலை ஒட்டினார்கள். இயக்குநர், அனிமேட்டர், கதாசிரியர் பெயர்கள் அதோடு போயின. அதனால்தான் மிக நன்றாக ரிஸ்டோர் (பழுது நீக்கிப் புதுப்பித்தல்) செய்த டிஸ்கிலும் சில படங்கள் யார் பெயரும் இல்லாமல் தொடங்குகின்றன. டிஸ்க் தயாரித்தவர்களின் அலட்சியம் அல்ல அது. அசல் டைட்டில் வேறெங்காவது பிரிண்டில் கிடைத்துப் பின்னர் சேர்க்கப்பட்டால், அந்தப் பதிப்புக்காகவே அதே படத்தை இன்னொரு முறை வாங்கலாம். அந்தக் கலைஞர்களின் பெயர் திரையில் வருவது முக்கியம்.

டாம் அண்ட் ஜெர்ரி சேகரிப்பவர் முதலில் எண்ணிக்கையை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்: ஹன்னா–பார்பெரா இயக்குநர் இரட்டையர் செய்தவை 114 (1940–1958), பின்னர் வந்த இயக்குநர்கள் ஜீன் டைச் 13, சக் ஜோன்ஸ் 34. ஆக 161. 2004 முதல் 2007 வரை வந்த ஸ்பாட்லைட் கலெக்ஷன் மூன்று தொகுதிகளும் முதல் 114 படங்களுக்கானவை. ஆனால் 'மவுஸ் கிளீனிங்', 'காசனோவா கேட்' இரண்டும் அவற்றில் இல்லை. 2011இல் வந்த கோல்டன் கலெக்ஷன் முதல் தொகுதி ப்ளூ-ரேயில் முதல் 37 படங்கள். 2013க்கு அறிவித்த இரண்டாம் தொகுதியிலும் அதே இரண்டு படங்களை விட்டிருந்தார்கள். சேகரிப்பாளர்கள் எதிர்த்தார்கள், தொகுதி வரவே இல்லை. அட்டையில் 'முழுமையான' என்று எதைப் போட்டிருந்தாலும், இந்த இரண்டு பெயரையும் பின்பக்கப் பட்டியலில் தேடிப் பாருங்கள்.

டாம் அண்ட் ஜெர்ரியை வெளியிட்ட எம்ஜிஎம் ஸ்டுடியோவின் படங்கள் வார்னர் படங்கள் அளவுக்குக் கூர்மையாக இல்லையே என்று தோன்றினால் அதற்குக் காரணம் உண்டு. வண்ணக் கார்ட்டூன்களை டெக்னிகலர் என்ற வண்ணத் தொழில்நுட்பத்தில் எடுத்த முறை தனி. ஒவ்வொரு ஓவியத்தையும் சிவப்பு, பச்சை, நீல வடிகட்டிகள் வழியே ஒரே கறுப்பு வெள்ளை நெகட்டிவில் அடுத்தடுத்து மூன்று ஃப்ரேமாகப் படம் பிடித்தார்கள். அந்த நெகட்டிவ் பிழைத்திருந்தால் மூன்றையும் இன்று கணினியில் ஒன்றன்மேல் ஒன்று துல்லியமாகப் பொருத்தலாம். வண்ணம் மங்கியிருக்காது, ஓரங்களில் நிறம் வழியாது. 1978இல் திரைப்படக் காப்பகமான ஜார்ஜ் ஈஸ்ட்மன் ஹவுஸில் ஏற்பட்ட தீயில் எம்ஜிஎம்மின், எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் நெகட்டிவ்கள் பல எரிந்தன. அதன்பின் அவற்றில் பலவற்றுக்கு அடுத்த தலைமுறைப் பிரதிதான் மூலம். இதைத் தெரிந்துகொண்டு பார்த்தால், எம்ஜிஎம் இயக்குநர் டெக்ஸ் ஏவரியின் படங்களைத் தரும் டெக்ஸ் ஏவரி ஸ்க்ரூபால் கிளாசிக்ஸ் ப்ளூ-ரேக்களில் (2020 முதல்) எவ்வளவு பாடுபட்டிருக்கிறார்கள் என்பது புரியும்.

இனி ரிஸ்டோரேஷனே கெடுத்துவிடும் இடம். தூசி, கீறலைத் தானாக நீக்கும் மென்பொருள் ஒரு ஃப்ரேமில் இருந்து அடுத்ததில் இல்லாத புள்ளியை அழுக்கு என்று எடுத்துக்கொள்கிறது. கார்ட்டூனில் வேகமாக நகரும் கைகால்களின் மைக்கோடும் அப்படித்தான் வந்து போகும். விளைவு, ஓடும்போது உருவத்தின் வெளிக்கோடு அங்கங்கே தின்னப்பட்டு, நின்றதும் திரும்பி வரும். டிவிடிக்காலத்தில் ஃபிலிமிலிருந்து வீடியோவுக்கு மாற்றியவற்றில் இது அதிகம். சண்டைக் காட்சியில் நிறுத்தி ஒவ்வொரு ஃப்ரேமாக நகர்த்துங்கள். கோடு துண்டு துண்டாக இருந்தால் அந்தப் படத்துக்குப் பழைய லேசர்டிஸ்கே மேல். அப்படி நகர்த்தும்போதே இன்னொன்றும் தெரியும்: ஒரே ஃப்ரேமில் இரண்டு ஓவியங்கள் கலந்து பேய் உருவமாக நின்றால், வீடியோ மாற்றம் இன்டர்லேஸ் (ஒரு ஃப்ரேமை ஒற்றை, இரட்டை வரிகளாகப் பிரித்துக் காட்டும் முறை) குழப்பத்தோடு நடந்திருக்கிறது. பிளேயரை மாற்றி அதைச் சரிசெய்ய முடியாது.

ஐரோப்பா போன்ற இடங்களில் வழங்கிய பால் (PAL) தொலைக்காட்சி முறை டிவிடிகளில் படம் வினாடிக்கு 24க்குப் பதில் 25 ஃப்ரேமில் ஓடும். 7 நிமிடப் படம் 6 நிமிடம் 43 வினாடியில் முடிந்துவிடும். ஒலியைத் திருத்தாவிட்டால் சுருதியும் முக்கால் அரைச்சுரம் அளவுக்கு ஏறும். வசனப் படத்தில் காது இதைப் பொறுத்துக்கொள்ளும். டாம் அண்ட் ஜெர்ரிக்கு ஸ்காட் பிராட்லி அடிக்கு அடி எழுதிய இசையில் பொறுக்காது. விலை குறைவு என்று பால் பதிப்பை எடுப்பவர் இதை நினைவில் வைக்க வேண்டும்.

படத்தின் அகல–உயர விகிதமும் கவனிக்க வேண்டியது. 1953க்கு முந்தியவை எல்லாம் சதுரத்தை ஒட்டிய 1.37:1. தொலைக்காட்சியின் படத்தை இழுக்கும், பெரிதாக்கும் அமைப்புகளை அணைத்துவிட்டுப் பக்கங்களில் கறுப்புப் பட்டையோடு பாருங்கள். 2010ஐ ஒட்டி வந்த லூனி டூன்ஸ் சூப்பர் ஸ்டார்ஸ் டிவிடிகள் சிலவற்றில் 1953க்குப் பிந்தைய படங்களின் மேலும் கீழும் வெட்டி அகலத்திரையாக்கியிருந்தார்கள். ஒலியில் அசல் மோனோ தடம் இருந்தால் அதையே தேர்ந்தெடுங்கள்.

இப்போது மிக அவசரமான விஷயம், டிஸ்க் அழுகல். 2006 முதல் 2008 வரை தயாரான வார்னர் டிவிடிகளில் ஒரு பகுதி படிக்க முடியாமல் போவதை அந்நிறுவனமே 2025இல் ஒப்புக்கொண்டு மாற்றித் தருவதாகச் சொன்னது. கோல்டன் கலெக்ஷனின் பிந்தைய தொகுதிகளும், 2007–2008இல் வந்த பாப்பாய் தொகுதிகள் மூன்றும் அந்தக் காலத்துக்குள்தான் வருகின்றன. 1943–1949 வண்ணப் பாப்பாய் படங்கள் 2018–2019இல் ப்ளூ-ரேயில் வந்துவிட்டதால் அவற்றுக்குக் கவலை இல்லை. அதற்கு முந்தைய ஃப்ளைஷர் ஸ்டுடியோ காலத்துக் கறுப்பு வெள்ளைப் படங்களுக்கு அந்த டிவிடிகள் பொக்கிஷம். அவற்றை முதலில் சோதியுங்கள்.

டிவிடி என்பது 0.6 மில்லிமீட்டர் தட்டுகள் இரண்டை ஒட்டியது. ஒட்டு விட்டாலோ உள்ளே உலோகப்படலம் கெட்டாலோ மேற்பரப்பு பளபளப்பாகவே இருக்கும். விளக்கொளியில் சாய்த்துப் பார்த்தால் மேகம் போன்ற திட்டு சில சமயம் தெரியும், பல சமயம் தெரியாது. முதல் படத்தையும் கடைசிப் படத்தையும் ஓட்டிப் பார்த்துத் திருப்தி அடையக் கூடாது. இரட்டை அடுக்கு டிவிடியில் முதல் அடுக்கு மையத்திலிருந்து விளிம்புக்கும், இரண்டாவது விளிம்பிலிருந்து மையத்துக்கும் படிக்கப்படும். எனவே விளிம்பில் தொடங்கும் சேதம் வரிசையின் நடுவில் உள்ள படங்களைத்தான் முதலில் தாக்கும். 15 படம் உள்ள டிஸ்கில் 7, 8, 9ஐ ஓட்டிப் பாருங்கள். அதைவிட நல்லது, கணினி டிரைவில் முழு டிஸ்கையும் படிக்கவிட்டு வேகம் எங்கே சரிகிறது என்று பார்ப்பது. மெருகேற்றும் கருவி கீறலுக்கு மட்டும் உதவும்; அழுகலுக்குப் பயனில்லை. ப்ளூ-ரேயில் அதைத் தொடவே கூடாது: தகவல் இருப்பது மேற்பரப்பிலிருந்து வெறும் 0.1 மில்லிமீட்டரில்.

டிஸ்கை எடுக்கும்போது நடுக்குமிழை அழுத்தி விடுவியுங்கள். விளிம்பைப் பிடித்து வளைத்து இழுத்தால் ஒட்டு தளரும். துடைப்பது மையத்திலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில், வட்டமாக அல்ல. அலமாரியில் நிறுத்தி வையுங்கள்.

உங்கள் நாட்டுச் சட்டம் இடம் தந்தால் இன்றே பிரதி எடுத்துவிடுங்கள். மேக்எம்கேவி போன்ற டிஸ்க் நகல் மென்பொருள்களில், மறுசுருக்கம் செய்யாமல், எல்லா ஒலித்தடங்களோடும். டிவிடியிலிருந்து ஏழு நிமிடப் படம் 300 எம்பி அளவில் வரும், ப்ளூ-ரேயிலிருந்து ஒரு ஜிபிக்கு மேல். ஒரு டிரைவ் படிக்க மறுக்கும் டிஸ்கை இன்னொரு டிரைவ் படிப்பது சகஜம். குப்பையில் போடுமுன் வேறு ஒன்றில் போட்டுப் பாருங்கள். கோப்புகளுக்கு செக்சம் (கோப்பு மாறவில்லை என்று சரிபார்க்கும் எண்) எழுதி வைத்தால், பின்னாளில் ஹார்டு டிஸ்க் கோளாறு வந்தாலும் எந்தப் பிரதி கெட்டது என்று உடனே தெரியும்.

பதிப்புரிமை முடிந்த படங்களை அடுக்கிய மலிவுத் தொகுப்புகளில் பெரும்பாலானவை தொலைக்காட்சிக்காக எடுத்த 16 மில்லிமீட்டர் பிரிண்டுகளின் நகல். வண்ணம் சிவந்திருக்கும், ஒலி கரகரக்கும். இதே படங்களைத் தண்டர்பீன் போன்ற சிறு வெளியீட்டாளர்கள் நல்ல பிரிண்ட் தேடி ஸ்கேன் செய்து தருகிறார்கள். காசு அங்கே போவது நியாயம்.

பட்டியலை டிஸ்க் வாரியாக எழுதாமல் படம் வாரியாக எழுதுங்கள்: வெளியான தேதி, இயக்குநர், எந்தெந்த டிஸ்கில் உள்ளது, டைட்டில் அசலா ப்ளூ ரிப்பனா, நிமிடமும் வினாடியும், விளக்க உரை உண்டா, கடைசியாக முழுதும் படித்துச் சோதித்த தேதி. ஒரே படத்தின் இரு பதிப்புகளில் ஓடும் நேரம் பத்து வினாடி வேறுபட்டால், பால் வேகம் காரணமல்ல என்று உறுதியான பிறகு இரண்டையும் அருகருகே ஓட்டி வெட்டு எங்கே என்று தேடுங்கள்.