நரை அப்படியே இருக்கிறது, தலையணை உறைதான் பச்சையாகிவிட்டது

மூன்று மாதமாகத் தேய்க்கிறேன், அதனால் இனி எழுதலாம். எங்கள் பக்கத்து நாட்டு மருந்துக் கடையில் அவர்களே காய்ச்சி விற்கிற கரிசலாங்கண்ணித் தைலம், 200 மில்லி 240 ரூபாய். நல்லெண்ணெய், கரிசலாங்கண்ணிச் சாறு, கொஞ்சம் வெந்தயம், அவ்வளவுதான் சரக்கு. இதற்கு முன்னால் வாங்கிய ஒரு விளம்பர பாட்டிலில் முதல் சரக்கே லிக்விட் பாரஃபின் என்கிற பெட்ரோலிய எண்ணெய், கரிசாலை, அதாவது கரிசலாங்கண்ணி, எங்கேயோ கடைசி வரியில் ஒளிந்திருந்தது, பச்சை நிறம் மட்டும் பளபளவென்று இருந்தது.

வாங்கி வந்ததும் பஞ்சுத் திரியை நனைத்துப் பற்றவைத்தேன். சடசடவென்று பொரிந்தால் சாற்றின் ஈரம் சுண்டவில்லை என்று அர்த்தம், சீக்கிரமே சிக்கு வாடை வந்துவிடும். இது சத்தமே இல்லாமல் எரிந்தது. சரி, காய்ச்சத் தெரிந்த கை.

செடியைப் பார்க்காதவர்களுக்கு: வயல் வரப்பு, வாய்க்கால் ஓரம், ஈரம் இருக்கிற இடமெல்லாம் தானாக முளைக்கும், சொரசொரப்பான இலை, குழந்தைச் சட்டைப் பொத்தான் அளவுக்கு வெள்ளைப் பூ, இதுவும் சூரியகாந்தியும் ஒரே குடும்பம் என்றால் என் பெண் இன்னும் நம்பவில்லை. தண்டைக் கிள்ளிக் கசக்கினால் பச்சையாக வருகிற சாறு கொஞ்ச நேரத்தில் கறுத்து விரலில் அப்பிக்கொள்ளும், சோப்புக்கும் லேசில் போகாது. கண் மைக்குக்கூட இந்தச் சாற்றில் துணியை நனைத்து, காயவைத்து, திரித்து, விளக்கெண்ணெயில் எரித்துத்தான் கரி பிடிப்பார்கள். அந்தக் கறுப்பைப் பார்த்துத்தான் தலைமுடியும் கறுக்கும் என்று நினைத்தார்களோ என்னவோ.

எனக்குக் கறுக்கவில்லை. காதோரத்து நரை ஒன்றுகூடக் குறையவில்லை. ஆனால் தூக்கம் நன்றாக வருகிறது, முடி வறண்டு நிற்பதும் இல்லை, இதெல்லாம் வெறும் நல்லெண்ணெயின் வேலையாகவும் இருக்கலாம். வாடை, புல் அறுத்த வரப்பு வாடை, எனக்குப் பிடிக்கும், வீட்டில் மற்றவர்களுக்குப் பிடிக்காது. வெளிர் நிற உறை போட்ட தலையணையில் தலை வைக்காதீர்கள், நான் இரண்டு உறைகளைக் காலி செய்துவிட்டேன். மூடி ஒழுகுகிறது, பையில் போட்டு ஊருக்கு எடுத்துப்போக முடியாது.

"வள்ளலாரே சொன்ன மூலிகை சார்" என்றுதான் கடைக்காரர் விற்கிறார். வள்ளலார் உள்ளுக்குச் சாப்பிடச் சொன்னதாக அல்லவா படித்திருக்கிறேன்?

தைலத்தை மட்டும் வாங்குங்கள். வாசலில் தொட்டியில் 'மஞ்சள் கரிசாலை' என்று வைத்திருப்பதைத் தொடாதீர்கள், அது பூங்காக்களில் தரை மூடப் படரவிடுகிற சிங்கப்பூர் டெய்சி. நிஜ மஞ்சள் கரிசாலைக்கு, அதாவது மஞ்சள் பூ பூக்கிற வகைக்கு, இலை நீளமாக இருக்கும். "என்ன அண்ணே, இலை மூணா பிரிஞ்சிருக்கே?" என்று கடைக்காரரைக் கேட்டேன்.

"வளர வளர சரியாயிடும் சார்."