பென்ஷன் வந்த பிறகு: இ.சி.ஹெச்.எஸ். கார்டா, தனியார் பாலிசியா?

படையிலிருந்து ஓய்வு பெற்று ஊருக்கு வருகிறவரை முதலில் தேடி வருபவர் காப்பீட்டு ஏஜென்ட்தான். "பாலிகிளினிக்கில் யார் சார் காத்துக் கிடப்பது, குடும்பத்துக்கு ஒரு பாலிசி போட்டுவிடுங்கள்" என்பார். போடலாம், தப்பில்லை. ஆனால் முன்னாள் படைவீரர்களுக்கான அரசு மருத்துவத் திட்டமான இ.சி.ஹெச்.எஸ்.ஸை ஓரங்கட்டிவிட்டுப் போடாதீர்கள். ஏஜென்ட் சொல்கிற பாலிகிளினிக் அந்தத் திட்டத்தின் சிகிச்சை மையம்தான்.

2003 ஏப்ரலில் தொடங்கிய திட்டம் இது. அதற்குப் பின் பென்ஷனோடு வெளியே வருகிற எல்லோரும் கட்டாயமாகச் சேர்ந்துவிடுவார்கள். ஹவில்தார் வரை 30,000 ரூபாய், சுபேதார் போன்ற ஜே.சி.ஓ.வுக்கு 67,000, அதிகாரிக்கு 1,20,000. ஒரே ஒரு தடவைதான் கட்ட வேண்டும், அப்புறம் கணவன் மனைவி இருவருக்கும் ஆயுள் முழுக்க. ஏற்கெனவே இருக்கும் நோய்க்குக் காத்திருப்பு இல்லை, இத்தனை லட்சம்தான் என்ற உச்சவரம்பும் இல்லை. தனியார் பாலிசியில் பழைய நோய்க்கு 3 வருஷம் வரை காக்க வைக்கலாம். பிரீமியம் வருஷா வருஷம். 2025 செப்டம்பரில் தனிநபர் பாலிசிக்கு ஜி.எஸ்.டி. போய்விட்டது, அறுபது தாண்டியவர்களுக்கு வருஷத்துக்கு 10 சதவீதத்துக்கு மேல் இஷ்டத்துக்கு ஏற்ற முடியாது என்றும் வந்துவிட்டது, எல்லாம் சரி. ஆனாலும் வயதான தம்பதிக்கு ஒரு வருஷ பிரீமியமே அந்த 30,000-ஐத் தாண்டுவது சாதாரணம்.

பலர் கணக்கில் சேர்க்காத ஒன்று, மாத்திரைச் செலவு. சர்க்கரை, பிரஷர் என்று மாதாமாதம் வாங்குவதை பாலிகிளினிக்கில் கொடுக்கிறார்கள். பெரும்பாலான தனியார் பாலிசிகள் படுக்கையில் சேர்ந்தால்தான் பேசும்.

சரி, தனியார் எங்கே ஜெயிக்கிறது? தூரத்தில். வேலூர் பக்கம் கம்மவான்பேட்டைக்காரர் பஸ் ஏறி டவுனுக்கு வந்தால் பாலிகிளினிக். உள்ளடங்கிய ஊரில் இருப்பவருக்கு அதற்கே ஒரு நாள் போய்விடும். காலையில் டோக்கன், டாக்டரைப் பார்த்து ரெஃபரல் வாங்கி, அதன் பிறகுதான் எம்பேனலில், அதாவது திட்டத்தின் பட்டியலில் உள்ள மருத்துவமனை. அங்கேயும் பில் பணம் நிலுவை என்று சில இடங்களில் முகம் சுளிப்பார்கள், நாட்டுக்கு உழைத்தவரை அப்படி நிற்க வைப்பதைப் பார்த்தால் கோபம்தான் வருகிறது. பெரிய சிக்கல் அவசர நேரத்தில். நெஞ்சுவலி என்று பக்கத்தில் இருக்கும் எம்பேனல் இல்லாத மருத்துவமனையில் சேர்த்துவிட்டால், 48 மணி நேரத்துக்குள் பாலிகிளினிக்குக்குத் தகவல் சொல்ல வேண்டும், பில்லை முதலில் நாமே கட்ட வேண்டும், திரும்பி வருவது மத்திய அரசு ஊழியர் மருத்துவத் திட்டமான சி.ஜி.ஹெச்.எஸ்.ஸுக்கு அரசு நிர்ணயித்த விகிதத்தில்தான். மிச்சம் நம் கையை விட்டுத்தான். இந்த ஓட்டையை அடைக்கத்தான் 3 முதல் 5 லட்சத்துக்கு ஒரு சின்ன பாலிசி, அதுவும் நாற்பதுகளிலேயே. வயது ஏறிய பிறகு எடுத்தால் பிரீமியம் கட்டுப்படியாகாது.

பிள்ளைகளையும் யோசியுங்கள். மகனுக்கு 25 வயதோ வேலையோ கல்யாணமோ, எது முதலில் வருகிறதோ அதோடு கார்டு முடிகிறது. மகளுக்கு வயது வரம்பு இல்லை, கல்யாணமோ வேலையோதான். பெற்றோருக்குக் கார்டு வேண்டுமென்றால் அவர்களின் மாத வருமானம் அகவிலைப்படி சேர்க்காமல் 9,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும்.

70 வயது தாண்டியவர்களுக்கு 2024 அக்டோபர் முதல் ஆயுஷ்மான் பாரத்தில் 5 லட்சம் இருக்கிறது. இ.சி.ஹெச்.எஸ்.காரர்கள் இரண்டில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்ளலாம். மாற்றாதீர்கள். வரம்பே இல்லாததை விட்டு 5 லட்சத்துக்குப் போவதில் என்ன லாபம்? மாத்திரையும் போய்விடும்.

அக்னிவீரர்கள் கதை வேறு. நான்கு வருஷத்தில் வெளியே வருகிறவர்களுக்கு பென்ஷனும் இல்லை, இ.சி.ஹெச்.எஸ்.ஸும் இல்லை. தம்பிகளே, வெளியே வரும்போது கிடைக்கும் சேவா நிதிப் பணம் கைக்கு வந்ததும் பைக் ஷோரூமுக்குப் போவதற்கு முன்னால் ஒரு பாலிசி எடுத்துவிடுங்கள், அந்த வயதில் பிரீமியமும் குறைவு, காத்திருப்புக் காலமும் நோய் வருவதற்குள் கழிந்துவிடும்.