பீரோ: பட்டறையா, கம்பெனியா?

கோத்ரெஜ் 1923-லேயே இரும்பு பீரோ செய்யத் தொடங்கிவிட்டது. தெருமுனைப் பட்டறை இன்னும் தாக்குப்பிடிப்பதற்குக் காரணம், சொன்ன அளவில் செய்து தருவதுதான். ஆறரை அடி உயரம், மூன்றடி அகலம் பொதுவான அளவு. மேலே லாஃப்டில் (பரணில்) இடித்தால் நாலு அங்குலம் குறைக்கச் சொல்லலாம். கம்பெனியில் அது நடக்காது.

ஏமாறுவது தகட்டில்தான். தகட்டின் கனத்தைக் கேஜ் எண்ணில் சொல்வார்கள்; எண் கூடினால் தகடு மெலியும். 20 கேஜ் சுமார் 0.9 மி.மீ., 22 கேஜ் 0.7 சொச்சம். கதவு நடுவில் கட்டைவிரலால் அழுத்துங்கள். 'டொப்'பென்று உள்வாங்கினால் மெல்லிய தகடு, அல்லது பின்பக்கம் தாங்கலுக்கு இரும்புப் பட்டி வைக்கவில்லை. கதவை மட்டும் 20-இல் போட்டு, முதுகுக்கு 24 வைப்பது பழைய வித்தை.

பெயின்ட்டில் கம்பெனிதான் மேல். எண்ணெய்ப் பிசுக்கு போகக் கழுவி, துருவைத் தடுக்கப் பாஸ்பேட் பூச்சு ஏற்றி, பவுடர் கோட்டிங்கை, அதாவது பொடியாகத் தூவும் பெயின்ட்டை, சூளையில் வேகவைப்பார்கள். பல பட்டறைகளில் தின்னரால் துடைத்து ஸ்பிரே அடிப்பதோடு சரி; வெல்டிங் புள்ளிகளிலும் அடித்தட்டிலும் துரு கிளம்பும். கடலோர ஊர் என்றால் கூடுதல் காசு கொடுத்தாவது பவுடர் கோட்டிங்.

பூட்டு கெட்டால் பட்டறைக்காரர் வீட்டுக்கே வந்து மாற்றுவார். கம்பெனிக்குப் புகார் எண் வாங்கிக் காத்திருக்க வேண்டும்.