மெதுவாகச் சாப்பிட வைக்கும் நாய்க் கிண்ணம்: ஐந்து மாதம் பயன்படுத்திய பிறகு

எங்கள் கருப்பன் நாட்டு நாய். பாளையங்கோட்டையில் ஒரு தெருமுனையில் ஆறு குட்டிகளில் கடைக்குட்டியாகக் கிடந்தவன். முந்தினால்தான் சோறு என்று பழகியவன். தட்டு வைத்தால் அரை நிமிஷத்தில் காலி; சில நாள் அப்படியே கக்கியும் விடுவான். அதற்காகத்தான் உள்ளே மேடும் பள்ளமுமாக இருக்கும் இந்தப் பிளாஸ்டிக் கிண்ணத்தை ஆன்லைனில் 450 ரூபாய்க்கு வாங்கினேன்.

அள்ளி விழுங்குவது நின்றது. அதே சோறு இப்போது ஏழெட்டு நிமிஷம் வருகிறது, கக்குவதும் இல்லை. அடியில் ரப்பர் இருப்பதால் எவர்சில்வர் தட்டு மாதிரி வீடு முழுக்க நகர்ந்து போவதில்லை. சிப்பிப்பாறை, ராஜபாளையம் போல நெஞ்சு ஆழமான நாய் வளர்ப்பவர்கள் இதை யோசிக்கலாம். அந்த உடல்வாகில் வயிறு உப்பி முறுக்கிக்கொள்ளும் ஆபத்து உண்டு, அவசரத் தீனி அதைக் கூட்டும்.

கழுவுவதுதான் பாடு. உலர்தீனிக்கென்று செய்த பொருள் இது. நாம் போடும் குழைந்த சோறும் ஈரலும் இடுக்கில் அப்பிக்கொள்கின்றன. பழைய டூத் பிரஷ் வைத்துத்தான் தேய்க்கிறேன். ராத்திரி அப்படியே விட்டால் காலையில் எறும்புப் படை.

இதைவிடப் பெரிய விஷயம் ஒன்று. சாப்பாட்டு நேர உறுமலும் குறையும் என்று விற்பனைப் பக்கத்தில் போட்டிருந்தார்கள். எங்கள் வீட்டில் கூடியது. முன்பு அரை நிமிஷம் காவல் காத்தவன் எட்டு நிமிஷம் காத்தான். என் மகளுக்கு ஆறு வயது. கருப்பன் சாப்பிடும் இடம்தான் அவள் கொல்லைக்குப் போகும் வழியும்.

பக்கத்து வீட்டு மாமா, "உறுமுனா கிண்ணத்தைப் பிடுங்கும்மா, யார் எஜமான்னு தெரியட்டும்" என்றார். பிடுங்கினேன். மணிக்கட்டில் பல் கீறியது. வீட்டு நாய்தானே என்று விடவில்லை. சோப்புப் போட்டு 15 நிமிஷம் ஓடும் தண்ணீரில் கழுவி, அரசு மருத்துவமனையில் 0, 3, 7, 28 என்று நாள் கணக்கில் வெறிநாய்க்கடித் தடுப்பூசி போட்டுக்கொண்டேன். கிண்ணத்தைப் பிடுங்கிய மறுநாளிலிருந்து நான் வாசற்படியில் நின்றாலே உறுமினான்.

கால்நடை டாக்டரம்மா முதலில் பல்லையும் காதையும் பார்த்தார், எங்காவது வலி இருந்தாலும் இப்படிச் செய்யுமாம். பிறகு சொன்னார்: "உறுமலை அடிச்சு நிறுத்தாதீங்க. அது உங்களுக்குத் தர்ற எச்சரிக்கை. அதை நிறுத்திட்டா அடுத்தது சத்தமில்லாத கடிதான்."

உறுமலுக்கு முன்னாலேயே அவன் எவ்வளவோ சொல்லியிருக்கிறான் என்று அப்புறம்தான் கண்ணில் பட்டது. தலை கிண்ணத்துக்குள் இருக்கும், வாய் மட்டும் நின்றுவிடும். முதுகு கட்டையாகும். கடைக்கண்ணில் வெள்ளை தெரியும். சில சமயம் தின்னும் வேகம் கூடும்.

டாக்டரம்மா சொன்னபடி எங்கள் வீட்டு டைல்ஸை எண்ணினேன். ஆறு டைல்ஸ் தள்ளி நின்றால் அவன் உடம்பு இளகியே இருந்தது. அங்கிருந்து வேகவைத்த கோழித்துண்டு ஒன்றைக் கிண்ணத்துப் பக்கம் எறிந்துவிட்டுத் திரும்பிவிடுவேன். சாப்பாட்டுக்கு நாலைந்து முறை, அவ்வளவுதான். என்னைப் பார்த்ததும் தானாகத் தலை தூக்கி வாலாட்டினால் அடுத்த நாள் ஒரு டைல் கிட்டே. விறைத்தால் ஒன்று பின்னே. மூன்றாவது டைலில் பன்னிரண்டு நாள் நின்றேன். அவசரப்பட்டிருந்தால் எல்லாம் கெட்டிருக்கும். கிண்ணத்துக்குள் கையை விட்டு அளையும் பழக்கத்தை அறவே விட்டோம். சாப்பிடும்போது என் இலையில் யாராவது கை வைத்தால் எனக்கும் பிடிக்காது.

இந்த நாட்களில் மட்டும் பழைய தட்டுக்கே திரும்பினேன். ஏழு வாரம் கழித்துத்தான் புதுக் கிண்ணத்தை மறுபடி எடுத்தேன். இப்போது பக்கத்தில் போனால் நிமிர்ந்து என் கையைப் பார்க்கிறான், கோழி வருகிறதா என்று.

விழுங்குகிற நாய்க்கு வாங்குங்கள், ஐந்துக்கு நான்கு தருவேன். உறுமுகிற நாய்க்கென்றால் இப்போதைக்கு வேண்டாம். முதலில் டாக்டரிடம் காட்டுங்கள். கருப்பன் சாப்பிடுவது இப்போது பின்கட்டில், கிரில் கேட்டைச் சாத்திய பிறகு. மகள் கேட்டுக்கு இந்தப் பக்கம். அவன் முடித்து வெளியே வந்ததும்தான் கிண்ணத்தை எடுக்கிறோம்.