மறைத்து வைக்கப்பட்டவர்களின் திரை வரலாறு

ராப் எப்ஸ்டீனும் ஜெஃப்ரி ஃபிரீட்மனும் இயக்கி 1995-இல் வெளிவந்த ‘த செல்லுலாய்ட் க்ளோசெட்’, தன்பாலீர்ப்பாளர்களை ஹாலிவுட் எப்படிக் காட்டியது, எதையெல்லாம் காட்ட மறுத்தது என்பதைப் பழைய படங்களின் காட்சிகளைக் கொண்டே நிறுவும் ஆவணப்படம். விட்டோ ரூசோ 1981-இல் வெளியிட்ட நூலே இதற்கு அடிப்படை. 1990-இல் எய்ட்ஸ் நோய்க்குப் பலியான அவர் இந்தப் படத்தைக் காணாமலே போனது என்னை இன்னும் வருத்துகிறது.

1930-இல் வந்த ஒரு படத்தில் நடிகை மார்லின் டீட்ரிச் ஆணுடையில் மேடையேறி ஒரு பெண்ணின் இதழில் முத்தமிட முடிந்தது. ஸ்டுடியோக்கள் தாமே வகுத்துக்கொண்ட ஒழுக்க விதிகள் 1934 முதல் கண்டிப்பாக அமலுக்கு வந்ததும் அத்தகைய காட்சிகளுக்கு வழி அடைபட்டது. ஆனால் சொல்லக் கூடாதது மறைந்துவிடவில்லை என்பதையும், குரலின் குழைவிலும் நடையிலும் அத்தரின் மணத்திலும் அது குடியேறியது என்பதையும் இப்படம் காட்சிக்குக் காட்சி மெய்ப்பிக்கிறது.

‘பென்-ஹர்’ திரைக்கதையில் பங்காற்றிய கோர் விடால், நாயகனும் மெசாலாவும் முன்னாள் காதலர்கள் என்ற உட்பொருள் மெசாலாவாக நடித்த ஸ்டீபன் பாய்டுக்குச் சொல்லப்பட்டதாகவும், நாயகனாக நடித்த சார்ல்டன் ஹெஸ்டனுக்கு மறைக்கப்பட்டதாகவும் விவரிக்கிறார். ஹெஸ்டன் பின்னாளில் இதை மறுத்தார் என்பதை அறிந்து பார்ப்பது நல்லது. அதைவிட ஆழமாகத் தைப்பது நடிகை ஷெர்லி மெக்லைனின் சாட்சியம்: தோழியைக் காதலிப்பதை உணர்ந்து உயிரை மாய்த்துக்கொள்ளும் ஆசிரியையாக 1961-இல் நடித்தபோது, அந்தக் காதலைப் பற்றிப் படப்பிடிப்பில் எவருமே பேசிக்கொள்ளவில்லை என்கிறார் அவர். தொடர்ந்து, படத்துக்குப் படம் இப்பாத்திரங்கள் தூக்கிலும் துப்பாக்கியிலும் மடியும் காட்சிகள் ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. தனித்தனியே பார்த்தபோது கதையின் தேவை என்று நான் நம்பிய மரணங்கள் அவை. திரையரங்கின் இருட்டில் தன்னைப் போன்ற ஒருவரைத் தேடி அமர்ந்திருந்த இளைஞர்களுக்கு அவை என்ன கற்பித்திருக்கும் என்பதை எண்ணி, அவ்விடத்தில் படத்தை நிறுத்திவிட்டேன்.

லிலி டாம்லினின் பின்னணிக் குரல் நிதானமானது, படத்தொகுப்பு நேர்த்தியானது.

குறை என்றால், ஹாலிவுட்டுக்கு வெளியே படம் அதிகம் நடமாடவில்லை. தொலைக்காட்சிக்கோ இடமே இல்லை. 1997 ஏப்ரலில் ‘எலன்’ தொடரின் நாயகி, தான் தன்பாலீர்ப்பாளர் என்று தோழியிடம் தயங்கித் தயங்கிச் சொன்னது விமான நிலைய ஒலிபெருக்கியில் எல்லோருக்கும் கேட்டுவிட்ட காட்சி, இப்படம் முடிந்து இரண்டே ஆண்டுகளில் கோடிக்கணக்கான வீடுகளுக்குள் சென்றது. அந்தத் தருணத்திலிருந்து தொடங்கும் இரண்டாம் பாகம் ஒன்றை இப்படத்தின் இயக்குநர்கள் இருவருமே எடுத்திருக்க வேண்டும் என்று விரும்புகிறேன்.